அணைகளும் ஓர் அமானிதமே!

ஆண்டின் பெரும்பகுதி வறண்டு கிடக்கும் ஓர் ஓடை, ஒரே இரவில் ஒரு நகரத்தின் கால்பகுதியை அழித்துவிடக் கூடுமா? கிழக்கு லிபியாவின் கடற்கரை நகரான தெர்னாவில் 2023 செப்டம்பர் 11 அதிகாலையில் அதுவே நிகழ்ந்தது.

ஜபல் அல்-அக்தர் என்னும் பச்சை மலைத்தொடரில் பிறந்து, தெர்னாவை இரு கூறாகப் பிளந்து, மத்தியதரைக் கடலில் கலக்கின்றது வாதி தெர்னா. 'வாதி' என்பது மழை பெய்தால் மட்டுமே நீரோடும் பள்ளத்தாக்காகும். கோடையில் அது வெறும் மணலும் கற்களுமே. பெருமழை பெய்தாலோ, பாறைச் சரிவுகள் நீரை உறிஞ்சுவதில்லை. சில மணி நேரத்தில் வெள்ளம் ஊருக்குள் பாய்ந்துவிடும். 1959ஆம் ஆண்டின் வெள்ளம் இதனை அம்மக்களுக்குக் கசப்புடன் கற்பித்தது.

ஆகவே, 1970களில் யூகோஸ்லாவிய நிறுவனம் ஒன்று அங்கே இரண்டு அணைகளைக் கட்டிற்று. நகருக்குச் சுமார் 13 கிலோமீட்டர் மேலே அபூ மன்சூர் அணை; நகரின் தலைவாயிலில் அல்-பிலாத் அணை. பெரியதன் கொள்ளளவு சுமார் 2.25 கோடி கனமீட்டர். சிறியதன் கொள்ளளவு 15 லட்சம் கனமீட்டர். பாய்ந்து வரும் வெள்ளத்தைத் தேக்கி, சிறுகச் சிறுக வெளியேற்றுவதே அவற்றின் பணி. அவற்றின் காவலை நம்பிய நகரில், ஓடையின் இரு கரைகளிலும் குடியிருப்புகள் நெருங்கி நின்றன.

ஆனால் காவலனுக்கும் காவல் வேண்டுமன்றோ? 1998இல் அணைகளில் விரிசல்கள் கண்டறியப்பட்டன. ஆய்வு செய்த இத்தாலிய நிறுவனம் மூன்றாவது அணை ஒன்றும் தேவை என்றது. அது கட்டப்படவே இல்லை. 2007இல் பழுதுபார்க்கும் ஒப்பந்தம் ஒரு துருக்கிய நிறுவனத்துக்குத் தரப்பட்டது. 2010இல் தொடங்கிய வேலை, 2011இன் கிளர்ச்சியால் நின்றுபோயிற்று. பின்னர் நாடு போட்டி ஆட்சிகளாகப் பிளவுபட்டது. 2022இல் உமர் அல்-முக்தார் பல்கலைக்கழக ஆய்வாளர் ஒருவர், பெருவெள்ளம் வந்தால் பேரழிவு நேரும் என்று எழுதி எச்சரித்தார். பயன் விளையவில்லை.

கிரேக்கத்தை வெள்ளக்காடாக்கிய 'டேனியல்' புயல், வெதுவெதுப்பான கடலில் வலுப்பெற்று லிபியாவை அடைந்தது. அல்-பைளா நகரில் 24 மணி நேரத்தில் 414 மில்லிமீட்டர் மழை கொட்டியது. மண்ணாலும் கல்லாலும் ஆன அணையின் முகட்டைத் தண்ணீர் தாண்டுமாயின், அது பின்சரிவை அரித்து அணையையே கரைத்துவிடும். மேலணை உடைந்தது, அதன் நீர்ச்சுமை முழுவதையும் தாங்க இயலாமல் கீழணையும் உடைந்தது. பாலங்கள் நொறுங்கின. உறங்கிக் கொண்டிருந்த குடும்பங்கள் வீட்டோடு கடலுக்குள் அடித்துச் செல்லப்பட்டன. ஆயிரக்கணக்கானோர் மாண்டனர், பல ஜனாஸாக்கள் அடையாளம் காணப்படாமலே கூட்டாக அடக்கப்பட்டன. 2024 ஜூலையில் அதிகாரிகள் 12 பேருக்கு லிபிய நீதிமன்றம் 9 முதல் 27 ஆண்டுகள் வரை சிறைத் தண்டனை விதித்தது.

மழையைப் பொழிவிப்பது மனிதன் கையில் இல்லை. ஆயினும் அணையைக் காலந்தோறும் சோதிப்பதும், விரிசலை அடைப்பதும், நீர் செல்லும் வழியில் வீடு கட்டாதிருப்பதும், ஆபத்து நெருங்குமுன் மக்களை வெளியேற்றுவதும் அவன் கையில்தான் உள்ளன. அணையே இல்லாத ஊரார் மழையைக் கண்டு அஞ்சி மேட்டுக்கு ஏறுவர். பழுதடைந்த அணையை நம்பியவர்களோ நிம்மதியாக உறங்குவர். அணை என்பது மக்களின் உயிரைப் பொறுப்பேற்ற அமானிதம். அதனைக் கட்டியதோடு கடமை முடிவதில்லை; அன்றுதான் அது தொடங்குகின்றது.