இருபது பிரேம் இடைவெளி

பட்டாசு வட்டாரமான அச்சங்குளம் பக்கம் கரிசல் காட்டில் நின்று, தூரத்தில் யாராவது பேன்சி வாணம் விடுவதைப் பாருங்கள். வானத்தில் பூ விரிந்துவிடும். ‘டமார்’ பின்னால்தான் வரும். ஒலி விநாடிக்குச் சுமார் 340 மீட்டர்தான் போகும். 280 மீட்டருக்கு அப்பால் வெடித்தால் முக்கால் விநாடிக்குச் சற்று மேலே தாமதம். அந்த ஊர்ப் பிள்ளைகளுக்கு இது பழகிய சங்கதி. ஆனால் ஏறக்குறைய இதே இடைவெளி பேசும்படச் சுருளுக்குள்ளும் இருந்தது.

ஊமைப்படக் காலத்தில் புரொஜக்டரைக் கையால் சுற்றினார்கள். விநாடிக்கு 16 பிரேமோ 18 பிரேமோ, ஆபரேட்டர் கை போன போக்கு. திரை ஓரம் ஒருவர் நின்று கதை சொல்வார். பேச்சு வந்ததும் இஷ்டம்போல் வேகம் மாற்றும் சௌகரியம் போயிற்று. வேகம் கூடினால் குரல் கீச்சிடும்; குறைந்தால் கதாநாயகி கட்டைக்குரலில் பேசுவாள். எனவே மோட்டார் வைத்து, 24 பிரேம் என்று நிலைப்படுத்தினார்கள்.

அடுத்த சிக்கல்தான் அழகானது. லென்ஸுக்குப் பின்னால் ஒவ்வொரு பிரேமும் கணம் நின்று நின்று நகர வேண்டும். இல்லாவிட்டால் படம் கலங்கும். சுருளின் ஓரத்திலுள்ள ஒலிக்கோடோ நிற்காமல் சீராக ஓட வேண்டும். இல்லாவிட்டால் உறுமல்தான் மிஞ்சும். இரண்டும் ஒரே இடத்தில் நடக்காது. ஒலியைப் படிக்கும் விளக்கையும் போட்டோசெல்லையும் கீழே தள்ளி வைத்து, ஒலியைப் படத்துக்குச் சுமார் 20 பிரேம் முன்னதாகவே பதித்தார்கள். திரையில் ஒட்டிக்கிடக்கும் உதடும் குரலும் சுருளில் ஏறக்குறைய ஒன்றேகால் அடி, வாணத்தைப் போலவே முக்கால் விநாடிக்குச் சற்று மேலே, தள்ளி இருக்கும்!

1931 மார்ச்சில் வந்த முதல் இந்தியப் பேசும்படமான ‘ஆலம் ஆரா’வுக்குப் பம்பாய் இம்பீரியல் ஸ்டுடியோவில் டானார் கருவி படத்தையும் ஒலியையும் ஒரே பிலிமில் பதித்தது. பக்கத்திலேயே ரயில் பாதை. ரயில் ஓய்ந்த நடுராத்திரியில்தான் படப்பிடிப்பு. எடிட்டர் பாடு அதைவிட மோசம். காட்சி தொடங்கும் பிரேமில் கத்திரி வைத்தால், அதன் முதல் வார்த்தை வெட்டுப்பட்ட துண்டோடு போய்விடும்.

அதே நிறுவனம் எடுத்து, எச்.எம். ரெட்டி இயக்கிய முதல் தமிழ்ப் பேசும்படம் ‘காளிதாஸ்’ அதே ஆண்டு அக்டோபர் 31 அன்று சென்னை கினிமா சென்ட்ரலில் வெளியானது. நாயகி டி.பி. ராஜலட்சுமி தமிழில் பேச, நாயகன் தெலுங்கில் பதில் சொன்னார். உதடு அசைந்தால் சத்தம் வருகிறதே, அது போதாதா?

சென்னைக்கென்று ஒலிப்பட ஸ்டுடியோ 1934இல்தான் வந்தது. ஊமைப்படக்காரரான ஏ. நாராயணன் தொடங்கிய சீனிவாசா சினிடோன் அது. அங்கே ஒலிப்பதிவைக் கவனித்தவர் அவர் மனைவி மீனாட்சி.