ஆறே வாரம்!

விடியற்காலையில் கும்மிடிப்பூண்டி மின்சார ரயிலில் ஏறிப் பாருங்கள், தோழர்களே! சோற்றுத் தூக்கும் கையுமாக, சிப்காட் ஆலைகளை நோக்கிச் செல்லும் தொழிலாளர் கூட்டம்! அந்த ஆலைகள் நிற்கும் மண் வானத்திலிருந்து விழுந்ததா? இல்லை. அங்கே ஒரு காலத்தில் ஏர் நடந்தது, மாடு மேய்ந்தது.

ஆலை வேண்டாம் என்பவரல்லர் நாம். புகைபோக்கி எழட்டும், வேலை பெருகட்டும்! ஆனால் நிலம் தந்தவன் வயிறு எரியக்கூடாது. அரசு தீர்மானித்த இழப்பீடு குறைவென்றால், 'இது போதாது' என்று கேட்க அவனுக்குச் சட்டம் உரிமை தந்திருக்கிறது. தந்த கையோடு அந்த உரிமையின் கழுத்தில் ஒரு கடிகாரத்தையும் கட்டியிருக்கிறது!

வெள்ளையன் 1894-இல் செய்த சட்டம். அதன் 18-ஆவது பிரிவு சொன்னது இதுதான்: தீர்வம் வழங்கும் நாளில் நேரில் இருந்தவன் ஆறு வாரத்திற்குள் மனுக் கொடுக்க வேண்டும். இல்லாதவனுக்கு, அறிவிப்புக் கிடைத்து ஆறு வாரம், அல்லது தீர்வம் வழங்கி ஆறு மாதம் – இவற்றில் எது முந்தி முடிகிறதோ, அதுவே கெடு. நெல் விதைத்தவன் அறுக்க நூறு நாள் காத்திருக்கிறான். நிலம் இழந்தவன் நியாயம் கேட்க நாற்பத்திரண்டே நாள்!

ஒரு நாள் பிந்தினால்? பிந்தியதுதான்! நீதிமன்றத்திற்குத் தாமதத்தைப் பொறுக்கும் அதிகாரம் உண்டு. ஆட்சியர் நீதிமன்றம் அல்லர், ஆகவே அவருக்கு அது இல்லை என்று 1996-இல் உச்சநீதிமன்றம் கூறிவிட்டது.

அரசு பிந்தினால்? அதற்கும் ஒரு வழக்கு உண்டு. காஷ்மீரத்து அனந்தநாக்கில், உயர்த்தப்பட்ட இழப்பீட்டை எதிர்த்து அரசு மேல்முறையீடு செய்தது – நான்கு நாள் தாமதமாக! உயர்நீதிமன்றம் தள்ளியது. 1987-இல் உச்சநீதிமன்றமோ, மேசைக்கு மேசை ஏடு நகரும் அரசு அலுவலக இயல்பையும் எண்ணிப் பார்க்க வேண்டும் என்று பொறுத்தது. ஏடு நகர நாளாகும். ஏழை நகர நாளாகாதா?

நீதியின் கண் எப்போதும் மூடியிருந்தது என்று நாம் சொல்லவில்லை. உத்தரப் பிரதேசத்தில் ஒருவருக்கு 1951 மார்ச்சில் தீர்வம் வழங்கப்பட்டது. அவர் அதை அறிந்ததோ 1953 சனவரியில்! காலம் கடந்தது என்றார்கள். 1961-இல் உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது: அதிகாரி கையெழுத்திட்ட நாள் அல்ல கணக்கு; உரியவனுக்குத் தெரிந்த நாளே கணக்கு.

2014 சனவரி முதல் நடைமுறைக்கு வந்த 2013-ஆம் ஆண்டு மத்தியச் சட்டத்திலும் அதே ஆறு வாரம்தான். ஆனால் தகுந்த காரணம் காட்டினால் மேலும் ஓராண்டு வரை ஆட்சியர் மனுவை ஏற்கலாம் என்று 64-ஆவது பிரிவு கதவைச் சற்றே திறந்தது. தொழில் வளர்ச்சிக்காக எடுக்கும் நிலத்திற்கோ தமிழ்நாட்டின் தனிச் சட்டம் ஒன்று உண்டு, 1997-ஆம் ஆண்டுச் சட்டம். 2019-இல் உயர்நீதிமன்றம் அது செல்லாது என்றது. சட்டமன்றம் அதே ஆண்டில் உயிரூட்டியது. 2021-இல் உச்சநீதிமன்றம் செல்லும் என்றது. ஆகவே அறிவிப்பு வந்ததும் முதல் கேள்வி: எந்தச் சட்டம்? அதில் எத்தனை நாள் கெடு?

வரைபடத்தில் பார்த்தால் மாவட்டத் தலைநகர் பக்கந்தான். ரயிலில் போக வேண்டுமானால் கும்மிடிப்பூண்டிக்காரன் பேசின் பாலம் வரை வந்து, வண்டி மாறி, திருவள்ளூர் போக வேண்டும்! ஒரு நாள் கூலி போச்சு. 'நாளை வா' என்றால் இன்னொரு நாள் கூலியும் போச்சு. இப்படித்தான் கரைகிறது அந்த ஆறு வாரம்.

தோழர்களே! சுவரொட்டி ஒட்டும் கைகள் மனு எழுதவும் பழகட்டும். ஊரில் நில எடுப்பு அறிவிப்பு வந்தால், உறையோடு அதைப் பத்திரப்படுத்தச் சொல்லுங்கள். கிடைத்த தேதியை அதன்மேல் எழுதுங்கள். தீர்வத்தின் நகலைக் கேட்டு வாங்குங்கள். பணம் வாங்கும்போது 'ஆட்சேபணையுடன் பெற்றுக்கொண்டேன்' என்று எழுதாமல் கையெழுத்திட விடாதீர்கள். வாய்மூடி வாங்கியவனுக்கு அதிகம் கேட்க வழியில்லை என்கிறது மத்தியச் சட்டம். அதே அறிவிக்கையில் நிலம் இழந்த பக்கத்துக்காரன் வழக்காடி அதிகம் பெற்றானா? மனுப் போடாதவனும் மூன்று மாதத்திற்குள் அதே விகிதம் கேட்கலாம் – 73-ஆவது பிரிவு. வழக்கறிஞருக்குப் பணமில்லையா? மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழு இருக்கிறது. பெண்களுக்கும், தாழ்த்தப்பட்டோருக்கும், ஆலைத் தொழிலாளிக்கும் வருமானக் கணக்குப் பாராமல் இலவச உதவி தர 1987-ஆம் ஆண்டுச் சட்டம் வகை செய்திருக்கிறது.

கோட்டையில் அமர்ந்திருப்பவர் எவராயினும் நாம் கேட்பது ஒன்றுதான். அறிவிப்பின் முதல் வரியிலேயே, தமிழில், கொட்டை எழுத்தில் அச்சிடுங்கள்: 'இந்த நாளுக்குள் நீ எதிர்த்துக் கேட்கலாம்' என்று! நிலத்தை அளக்கச் சங்கிலி கொண்டு வருபவர்கள், நாளையும் அளந்து சொல்லிவிட்டுப் போகட்டும்!