எளியோர்க்கு நீதித் துணை

முன்னாளில் திருவாரூரிலிருந்து ஆட்சி புரிந்த மனுநீதிச் சோழன் தன் அரண்மனை வாயிலில் ஆராய்ச்சி மணி ஒன்றைக் கட்டுவித்தான் என்பது தமிழ் மக்கள் அனைவரும் அறிந்த வரலாறு. கன்றை இழந்த பசு ஒன்று தன் கொம்பினால் அம்மணியை அசைத்தது. ஓசை கேட்டு வந்த மன்னன், குற்றம் தன் மைந்தன் மேலதே என்று அறிந்தும் முறை வழுவாது நீதி வழங்கினான். இவ்வரலாற்றைப் படிப்போர் மன்னனுடைய நடுவுநிலைமையைப் போற்றுவர். அதனோடு சேர்த்து எண்ணத்தக்க வேறொன்றும் இதில் உண்டு. பசு மணியிருந்த இடத்தை வந்தடைந்தது; மணியும் அதன் கொம்புக்கு எட்டியது. அரண்மனைக்கு வழி தெரியாதிருந்தால், அன்றி மணி எட்டாத உயரத்தில் தொங்கியிருந்தால், மன்னன் எத்துணை நேர்மையுடையவனாயினும் அதன் துயரத்தை அறிந்திருக்க இயலுமோ?

இக்காலத்து ஆராய்ச்சி மணி நீதிமன்றமே ஆகும். அது செல்வர்க்கும் வறியர்க்கும் பொதுவானது. ஆயினும் அதனை அணுகும் வழி எல்லார்க்கும் ஒன்றுபோல் எளிதாக இல்லை. கணவனை இழந்த உழவர் குலப் பெண் ஒருத்தியை எண்ணிப் பார்க்கலாம். கணவன் பெயரிலிருந்த சிறு நிலத்தை உறவினன் ஒருவன் தனதென்று கூறி உழுகின்றான். நிலம் தனக்கும் தன் மக்களுக்கும் உரியது என்பதை அவள் அறிவாள். அதனை எவ்வாறு நிலைநாட்டுவது என்பதை அறியாள். வாரிசுச் சான்றிதழை எவரிடம் கேட்பது? மனுவில் என்ன எழுதுவது? வட்டாட்சியர் அலுவலகத்துக்கு ஒருநாள் சென்றால் அன்றைய கூலி போய்விடும். வழக்கறிஞர் என்றாலோ, கட்டணத்தை எண்ணி அவள் உள்ளம் நடுங்கும். சட்டம் அவள் பக்கம் இருக்கின்றது. ஆயினும் நிலம் பிறன் கையில் இருக்கின்றது.

இந்நிலையில் இருப்போருக்கு உதவுவது அரசின் கடமை என்பதை நம் அரசியலமைப்பே கூறுகின்றது. வறுமை காரணமாக எவர்க்கும் நீதி மறுக்கப்படலாகாது என்றும், அதற்கென இலவசச் சட்ட உதவி அளித்தல் வேண்டும் என்றும் வற்புறுத்தும் 39அ என்னும் பிரிவு 1976ஆம் ஆண்டில் அதில் சேர்க்கப்பட்டது.

அதன் இன்றியமையாமையை மூன்றாண்டுகளுக்குப் பின் எழுந்த வழக்கொன்று நாட்டுக்கு உணர்த்திற்று. பீகார் மாநிலச் சிறைகளின் நிலையைப் பற்றி நாளிதழ் ஒன்றில் வெளிவந்த செய்திகளை அடிப்படையாகக் கொண்டு, 1979ஆம் ஆண்டில் உச்ச நீதிமன்றத்தில் தொடரப்பட்ட அவ்வழக்கு உசைனாரா காத்தூன் வழக்கு எனப் பெயர் பெற்றது. விசாரணை முடியாமலே பலர் ஆண்டுக்கணக்கில் சிறையில் கிடந்தனர் என்பது அதனால் வெளிப்பட்டது. தம்மீது சாட்டப்பட்ட குற்றத்துக்குச் சட்டம் விதிக்கும் மிகுதியான தண்டனைக் காலத்தையும் கடந்து அடைபட்டிருந்தோர் அவருள் இருந்தனர். அவர்கட்குப் பிணையாக நிற்க ஆள் இல்லை; வாதாட வழக்கறிஞர் இல்லை; பிணை கேட்கும் உரிமை உண்டென்னும் அறிவும் பலர்க்கு இல்லை. காலந்தாழ்த்தாத விசாரணையும் இலவசச் சட்ட உதவியும் குற்றம் சாட்டப்பட்டவரின் உரிமைகளே என நீதிபதி பகவதி முதலியோர் அவ்வழக்கில் தெளிவுறுத்தினர்.

பின்னர் 1987ஆம் ஆண்டில் சட்டப்பணிகள் ஆணைக்குழுச் சட்டம் இயற்றப்பட்டது. அது 1995ஆம் ஆண்டு நவம்பர் 9ஆம் நாள் நடைமுறைக்கு வந்தது. தேசிய அளவிலும், மாநிலம், மாவட்டம், வட்டம் ஆகிய அளவுகளிலும் சட்டப்பணி அமைப்புகள் தோன்றின. பெண்கள், குழந்தைகள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், மாற்றுத் திறனாளிகள், தொழிலாளர்கள், காவலில் உள்ளோர், பேரிடரால் துன்புற்றோர் ஆகியோர்க்கு வழக்கறிஞர் உதவியைக் கட்டணமின்றிப் பெறும் உரிமையை அச்சட்டம் வழங்கிற்று. குறிப்பிட்ட வரம்புக்கு உட்பட்ட வருவாயுடைய பிறரும் அவ்வுரிமை உடையர்.

வழக்கறிஞரை அமர்த்துவதற்கு வழி பிறந்தது. ஆயினும், அத்தகைய உதவி உண்டு என்பதையே அறியாத ஏழையை அவ்வாயிலுக்கு அழைத்து வருவார் யார்? இவ்வினாவுக்கு விடையாக 2009ஆம் ஆண்டில் தேசிய சட்டப்பணிகள் ஆணைக்குழு, சட்டம் சார்ந்த தன்னார்வலர் திட்டத்தை வகுத்தது. சட்டத் தொண்டர் எனத்தக்க இவர்கள் வழக்கறிஞர்கள் அல்லர். ஓய்வு பெற்ற ஆசிரியர், அங்கன்வாடிப் பணியாளர், சட்டக் கல்லூரி மாணவர், மகளிர் தன்னுதவிக் குழுவினர் எனப் பலரும் இப்பணிக்குத் தேர்ந்தெடுக்கப்படுகின்றனர். நெடுங்காலத் தண்டனை பெற்று, நன்னடத்தை உடையோராய் விளங்கும் கல்வியறிவுள்ள சிறைவாசிகளும் பயிற்சி பெற்றுத் தம்முடன் இருப்போர்க்கு உதவலாம் என்பது இத்திட்டத்தின் தனிச்சிறப்பாகும்.

மேலே கூறிய பெண்ணை இத்தகைய தொண்டர் ஒருவர் கண்டால் என்ன நிகழும்? அவர் முதலில் அவள் கூறுவதைப் பொறுமையுடன் கேட்பார். அவளிடம் உள்ள தாள்களை வாங்கிப் படித்து, இன்னது இருக்கின்றது, இன்னது வேண்டும் எனப் பகுத்துரைப்பார். வாரிசுச் சான்றிதழுக்கும் பட்டா மாறுதலுக்கும் மனு எழுதுவதற்கு உதவுவார். மனுவைப் பெற்றமைக்கு அடையாளமாக ஒப்புகைச் சீட்டு வாங்கி வைக்கச் சொல்வார். உறவினன் இணங்கிவரின் பூசலைப் பேசித் தீர்க்கலாம். இணங்கானாயின், அவளை வட்டச் சட்டப்பணிகள் குழுவிடம் அழைத்துச் சென்று, அவளுக்கென வழக்கறிஞர் ஒருவர் அமர்த்தப்பட வழி செய்வார். இவையனைத்தும் சிறு செயல்களே. ஆயினும், இச்சிறு செயல்கள் நடைபெறாமையால் இழக்கப்படும் நிலங்கள் உண்டு.

சிறைக்கூடத்தில் இத்தொண்டின் பயன் இன்னும் தெளிவாக விளங்கும். நீதிமன்றம் பிணை வழங்கிய பின்னரும், பிணைத்தொகை செலுத்த வகையின்றியும் பிணையாளர் கிடைக்காமலும் சிறையிலேயே இருக்கும் ஏழைகள் உளர். ஆதலின், பிணை கிடைத்து 7 நாள்களுக்குள் ஒருவர் விடுதலையாகவில்லையெனில், சிறைக் கண்காணிப்பாளர் அதனை மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுச் செயலாளர்க்கு அறிவித்தல் வேண்டும் என 2023ஆம் ஆண்டில் உச்ச நீதிமன்றம் பணித்தது. செயலாளர் ஒரு தொண்டரையோ வழக்கறிஞரையோ அனுப்பி, அவர் வெளிவர உதவலாம். தொண்டர் சிறைவாசியின் குடும்பத்தைத் தேடிச் சென்று செய்தி கூறுவதாலும், பிணைக்குரிய தாள்களைத் திரட்ட உதவுவதாலும் ஒரு மனிதர் தம் இல்லம் திரும்புகின்றார்.

இத்தகைய தொண்டு நம் நாட்டிற்கு மட்டும் உரியதன்று. வழக்கறிஞர்கள் மிகக் குறைவாக இருக்கும் ஆப்பிரிக்க நாடுகள் சிலவும் இதனை மேற்கொண்டுள்ளன. மலாவி நாட்டில் 2000ஆம் ஆண்டில் சட்டத் தொண்டர்கள் சிறைகளுக்குள் சென்று, வழக்கு நடைபெறும் முறையைச் சிறைவாசிகளுக்கு நாடகம் போல் நடித்துக் காட்டிக் கற்பித்தனர். தமக்காகத் தாமே பேசும் துணிவு அவர்களுக்கு அதனால் உண்டாயிற்று. உள்நாட்டுப் போர் 2002ஆம் ஆண்டில் முடிவுற்ற சியரா லியோனில், அடுத்த ஆண்டே சிற்றூர்களில் இப்பணி தொடங்கிற்று. 2012ஆம் ஆண்டில் இயற்றப்பட்ட அந்நாட்டுச் சட்டம் தொண்டர்களுக்கு ஏற்பு அளித்தது.

சட்டத் தொண்டர்க்கு எல்லைகளும் உண்டு. நீதிமன்றத்தில் வழக்கறிஞராக நின்று வாதாடுதல் அவர் பணியன்று. உதவி நாடி வந்தோரிடம் பொருள் பெறுதல் கூடாது. தமக்குத் தெரியாத ஒன்றைத் தெரிந்ததுபோல் கூறுதலும் கூடாது; ஏனெனில், தவறான ஓர் அறிவுரையால் மனுச் செய்வதற்குரிய காலம் கடந்துவிடலாம். பிறர் கூறிய மறைகளைக் காத்தலும், சாதி, சமயம், கட்சி ஆகிய வேற்றுமை பாராமையும் அவர்க்கு இன்றியமையாத பண்புகள். மருத்துவர் வரும்வரை காயத்துக்குக் கட்டுப்போடுபவர், தாமே மருத்துவர் என எண்ணிவிடலாகாது அன்றோ?

நீதி என்பது தீர்ப்பு எழுதும் நீதிபதியால் மட்டும் நிறைவுறுவதன்று. வாயிலில் நிற்க அஞ்சும் ஒருவரின் அருகே நின்று, “இது உமது உரிமை, வாரும், கேட்கலாம்” எனக் கூறும் ஒருவரும் அதற்கு வேண்டும். எழுதப் படிக்கத் தெரிந்தோர் ஒவ்வொருவரும் இதில் ஒரு பங்கு கொள்ள இயலும். அண்டை வீட்டு முதியவர்க்கு வந்த அறிவிப்பைப் பிழையின்றிப் படித்துச் சொல்லும் மாணவரும், இலவசச் சட்ட உதவி எங்கே கிடைக்கும் என்பதைத் தம் ஊரார்க்கு எடுத்துரைக்கும் மாணவியும் அத்தொண்டின் முதற்படியில் நிற்பவரே ஆவர். ஆராய்ச்சி மணி வாயிலில் தொங்குகின்றது. அதன் கயிற்றை எளியோர் கைக்கு எட்டச் செய்வதே கற்றவர் கடன்.