நெஞ்சுக்குள்ள ஒரு குட்டி இடி!

ஹாஸ்டல் பாத்ரூம் குழாயைக் கொஞ்சம் உத்துப் பாருங்க. உப்புத் தண்ணி ஓடி ஓடி, வாய்ப்பக்கம் வெள்ளையா காறை படிஞ்சு, கொட்ட வேண்டிய தண்ணி நூல் மாதிரி வடியும். நகத்தால் சுரண்டினால் நகம்தான் உடையும்! இதே சமாச்சாரம் இதயத்துக்கு ரத்தம் கொண்டுபோற குழாய்ல நடந்தா..?

நடந்தது. என் பெரியப்பாவுக்கு! ஆஞ்சியோகிராம் பார்த்த டாக்டர், ‘‘குழாய் சுவர்ல கால்சியம் கல்லு மாதிரி இறுகியிருக்கு. அப்படியே ஸ்டென்ட் வெச்சா முழுசா விரியாது’’ என்றார். வீடே கப்சிப். ‘மெக்கானிக்கல் தேர்டு இயர்’ என்ற தைரியத்தில் நான் தேடிப் படித்த மேட்டர்தான் இது.

பலூன் தோத்த இடம்

1977 செப்டம்பரில், சூரிச் நகரில் ஆண்ட்ரியாஸ் குரூன்சிக் என்ற டாக்டர், இதய ரத்தக்குழாய்க்குள் ஒரு குட்டி பலூனை அனுப்பி, ஊதி, அடைப்பை விலக்கினார். அப்புறம் ஸ்டென்ட் என்ற கம்பி வலை வந்தது. அடைப்பு வெறும் கொழுப்பாக இருந்தால் இது போதும். கால்சியமாக இருந்தால்? பலூன் கல்லை விட்டுவிட்டு, மெத்தென்று இருக்கும் பக்கமாகவே விரியும். அழுத்தத்தைக் கூட்டினால் குழாய் கிழியும் அபாயம். ஸ்டென்ட் பாதி விரிந்து நின்றாலோ, ரத்தம் உறைந்து மறுபடி அடைப்பு!

வைரத்துகள் பதித்த குட்டி டிரில்லும் உண்டு. நிமிஷத்துக்கு ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட சுற்று! ஆனால், அது மேலே இருக்கும் கால்சியத்தைத்தான் தேய்க்கும். சுவருக்குள் ஆழமாகப் புதைந்தது அப்படியே இருக்கும்.

ஐடியா வந்தது கிட்னியிலிருந்து!

ஜெர்மனியின் டோர்னியர் விமான கம்பெனி, அதிவேகத்தில் பறக்கும்போது மழைத்துளி மோதி உலோகம் ஏன் குழிவிழுகிறது என்று ஆராய்ந்தது. அங்கே பிடிபட்ட அதிர்வலையை வைத்து, 1980 பிப்ரவரியில் மியூனிக் டாக்டர்கள் ஒரு நோயாளியின் சிறுநீரகக் கல்லை, கத்தி வைக்காமலே உடைத்தார்கள். அதே டெக்னிக்கை பலூனுக்குள் அடைத்தது, 2009-ல் கலிஃபோர்னியாவில் ஆரம்பித்த ‘ஷாக்வேவ் மெடிக்கல்’ கம்பெனி. 2021-ல் இதயக் குழாய்களுக்கு இதைப் பயன்படுத்த அமெரிக்க அரசு ஓகே சொன்னது. 2024-ல் ஜான்சன் அண்ட் ஜான்சன் சுமார் 1,300 கோடி டாலர் கொடுத்து கம்பெனியையே வாங்கிவிட்டது!

உள்ளே என்ன நடக்குது?

மணிக்கட்டு அல்லது தொடை வழியாக, 12 மில்லிமீட்டர் நீள பலூன் அடைப்பு வரை போகும். உள்ளே உப்புநீர்க் கலவை. அழுத்தம் வெறும் 4 அட்மாஸ்ஃபியர், அதாவது கார் டயரில் இருப்பதைப் போல ரெண்டு மடங்குதான். பலூனுக்குள் ஒரு பொறி பறக்கும். திரவம் சட்டென ஆவியாகி, ஒரு குமிழி விரிந்து சுருங்கும். அதிலிருந்து கிளம்பும் அதிர்வலையின் அழுத்தம் சுமார் 50 அட்மாஸ்ஃபியர்! நொடிக்கு ஒன்று, ஒரு ரவுண்டுக்கு பத்து. அப்புறம் பலூனைச் சுருக்கி ரத்தத்தை ஓடவிட்டு, அடுத்த ரவுண்டு.

அவ்வளவு அழுத்தம்னா குழாய் கிழியாதா? ஃபர்ஸ்ட் இயர் பிசிக்ஸ்ல ‘அகூஸ்டிக் இம்பீடன்ஸ்’னு தூங்கிக்கிட்டே நோட்ஸ் எடுத்தோமே... அதான் பாஸ் ஹீரோ! சதை கிட்டத்தட்ட தண்ணி மாதிரி. அலை அதில் சுலபமாகக் கடந்து போய்விடும். கால்சியத்தில் மோதும்போதுதான் அழுத்தம் குவிந்து, விரிசல் விழும். ஆழத்தில் இருப்பதிலும்தான்! கல் வெளியே வருவதில்லை. அங்கேயே விரிசல் விட்டு, குழாய் விரிய வழிவிடுகிறது. பிறகு ஸ்டென்ட் ஜம்மென்று உட்காரும்.

கொஞ்சம் பொறுங்க...

இது சர்வரோக நிவாரணி இல்லை. பலூன் நுழையவே இடமில்லை என்றால், முதலில் டிரில்தான். சிலருக்கு ஒவ்வொரு பொறிக்கும் இதயம் கூடுதலாக ஒரு துடிப்பு துடிக்கும். அனுமதிக்கு அடிப்படையான ஆய்வில், 100-ல் 92 பேருக்கு 30 நாள் வரை பெரிய சிக்கல் இல்லை. ஆனால், வேறு சிகிச்சையோடு நேருக்கு நேர் ஒப்பிட்ட ஆய்வு இல்லை அது. பலூன் ‘ஒருமுறை மட்டுமே’ சரக்கு என்பதால் பில்லும் எகிறும். எங்க வீட்டிலும் நகை அடகுக்குப் போனது.

மயக்க மருந்து கொடுக்காததால் பெரியப்பா முழிச்சுக்கிட்டேதான் இருந்தார். வெளியே வந்ததும் என்னிடம் கேட்ட முதல் கேள்வி: ‘‘ஏன்டா, என் நெஞ்சுக்குள்ள பட்டாசு வெடிச்சாங்களாமே?’’

இப்போ தினமும் காலையில் வாக்கிங் போகிறார். நானும், எங்கே சக்தி பத்தவில்லையோ அங்கே இன்னும் பெரிய சுத்தியலைத் தேடுவதை நிறுத்திவிட்டேன். எது உடையணும், எது உடையக் கூடாதுன்னு யோசிக்கிறதுதான் இன்ஜினீயரிங். அரியர் வைத்திருக்கிற அந்த பிசிக்ஸ் பேப்பரை, இந்த முறை முழிச்சுக்கிட்டுப் படிக்கப் போறேன். நீங்க?