சின்னத்திரை வளர்க்கும் அச்சம்

தொலைக்காட்சியில் காட்டப்படும் வன்முறை, பார்ப்பவர்களை வன்முறையாளர்களாக்குமா என்பதே 1960களில் அமெரிக்காவை வாட்டிய கேள்வி. மார்ட்டின் லூதர் கிங்கும் ராபர்ட் கென்னடியும் கொலையுண்ட 1968ஆம் ஆண்டில் குடியரசுத் தலைவர் ஜான்சன் அமைத்த வன்முறை ஆய்வு ஆணையத்துக்காகத் தொலைக்காட்சியை ஆராய்ந்த பென்சில்வேனியா பல்கலைக்கழகப் பேராசிரியர் ஜார்ஜ் கெர்ப்னர், காலப்போக்கில் அதைவிட ஆழமான ஒரு கேள்விக்கு வந்து சேர்ந்தார்: யாரையும் அடிக்கத் தூண்டாவிட்டாலும், உலகம் அடிதடியால் நிறைந்தது என்று தொலைக்காட்சி நம்பவைக்கிறதா?

தனியொரு நிகழ்ச்சி மனத்தை மாற்றிவிடுவதில்லை; ஆண்டுக்கணக்கில் ஒரே வகைக் கதைகளைப் பார்த்துவருபவர், திரையில் கண்ட உலகின் இயல்புகளையே நிஜ உலகின் இயல்புகளாகக் கொள்ளத் தொடங்குகிறார் என்பதே அவர் முன்வைத்த பண்படுத்தல் கோட்பாடு. இதைச் சோதிக்க, ஒரு வாரத்தில் வன்முறையில் சிக்கும் வாய்ப்பு பத்தில் ஒன்றா, நூறில் ஒன்றா என்று மக்களிடம் கேட்டபோது, நாளுக்கு நான்கு மணி நேரமோ அதற்கு மேலோ தொலைக்காட்சி பார்ப்பவர்கள், குறைவாகப் பார்ப்பவர்களைவிடக் கூடுதலான அளவில் ‘பத்தில் ஒன்று’ என்றனர். பிறரை நம்பக் கூடாது, அவரவர் தன்னலமே பார்ப்பார்கள் என்ற எண்ணமும் அவர்களிடம் மிகுந்திருந்தது. இதைக் கெர்ப்னர் ‘கொடிய உலக நோய்க்குறி’ என்றார்.

இம்முடிவு மறுப்பின்றி ஏற்கப்படவில்லை. குற்றம் மிகுந்த பகுதிகளில் வாழ்பவர்கள் வெளியே செல்ல அஞ்சி வீட்டிலிருந்தே அதிகம் பார்க்கக்கூடும் என்பதால், 1979இல் டொராண்டோ நகரில் ஆய்வாளர்கள் டூபும் மெக்டொனால்டும் வசிப்பிடத்தின் குற்ற நிலையையும் கணக்கில் சேர்த்து ஆராய்ந்தபோது, அச்சத்துக்கும் தொலைக்காட்சிக்கும் இடையிலான தொடர்பு பெரிதும் தேய்ந்துபோனது. நியாயமான இந்த மறுப்புக்குப் பின் கெர்ப்னர் குழு தன் கோட்பாட்டைத் திருத்தி, சொந்த அனுபவமும் திரையும் ஒன்றையே சொல்லும்போது அச்சம் இரட்டிப்பாகும் என்ற ‘ஒத்ததிர்வு’க் கருத்தைச் சேர்த்தது. தொலைக்காட்சியின் தாக்கம் சிறியது என்றே பிந்தைய ஆய்வுகளும் காட்டுகின்றன. ஆயினும் கோடிக்கணக்கானோரிடம் ஒரே திசையில் செயல்படும் சிறிய தாக்கத்தை அற்பமென ஒதுக்குவது தவறு. அஞ்சும் மக்கள் கடும் அடக்குமுறையையும் பாதுகாப்பு என்று வரவேற்பார்கள் என்பதே கெர்ப்னரின் உண்மையான கவலை.

அந்தக் கவலை பழங்கதையாகிவிடவில்லை. 1990களின் தொடக்கத்துக்குப் பின் அமெரிக்காவில் வன்குற்ற விகிதம் கால் நூற்றாண்டுக்குள் ஏறத்தாழப் பாதியாகக் குறைந்தபோதும், காலப் நிறுவனத்தின் கருத்துக்கணிப்புகளில் பெரும்பாலான ஆண்டுகளில், நாட்டில் குற்றம் கூடிவிட்டதென்றே பெரும்பான்மையோர் கூறினர். தம் கண்ணால் காணும் சொந்தப் பகுதியைப் பற்றி அவ்வாறு கூறியவர்களோ அவர்களைவிடக் குறைவு.