தீ எரியும், மூச்சு நிற்கும்: பாண்டோரா உபகிரகத்தின் காற்று

2009 டிசம்பரில் வெளியான ‘அவதார்’ என்னும் ஆங்கிலத் திரைப்படத்தில் பாண்டோரா என்றோர் உபகிரகம் காட்டப்படுகிறது. ஜேம்ஸ் காமெரான் என்னும் இயக்குநரின் கற்பனையில் உருவான அவ்வுலகில் இரவில் ஒளிவிடும் காடுகளும், ஆறு கால் விலங்குகளும், அந்தரத்தில் மிதக்கும் மலைகளும் உள்ளன. இவற்றுள் எது இயலும், எது இயலாது என்று மாணவர்கள் ஆசிரியரை வினவுதல் இயல்பே. ஆயினும் அங்கே மனிதனுக்கு முதற் பகை விலங்கன்று, காற்றே. அப்பகை நமக்கு அந்நியமானதும் அன்று; பூமியில் கிணறுகளிலும் சாக்கடைக் குழிகளிலும் அது பதுங்கியிருக்கிறது.

கதையின்படி, பாண்டோரா சுற்றிவரும் பாலிஃபீமஸ் என்னும் பெரிய வாயுக்கோள் ஆல்பா சென்டாரி விண்மீன் தொகுதியைச் சேர்ந்தது. அத்தொகுதி மெய்யானது, நம்மிடமிருந்து சுமார் 4.37 ஒளியாண்டுத் தொலைவில் உள்ளது. அதிலுள்ள ஒரு விண்மீனுக்கு அருகே, சனியை ஒத்த நிறையுடைய வாயுக்கோள் இருக்கக்கூடும் என்பதற்கு ஜேம்ஸ் வெப் விண்வெளித் தொலைநோக்கியின் வாயிலாகச் சான்று கிடைத்ததாக 2025 ஆகஸ்டில் விஞ்ஞானிகள் அறிவித்தனர். அதை உறுதிப்படுத்த மேலும் ஆராய்ச்சி வேண்டும் என்றும் அவர்கள் கூறினர். வாயுக்கோளின் மீது கால் ஊன்ற நிலம் இராது. ஆகவே கதாசிரியர் உபகிரகத்தைத் தேர்ந்தது பொருத்தமே. உபகிரகத்துக்கு அடர்ந்த காற்று இருத்தலும் வீண் கற்பனையன்று. சனியின் டைட்டான் அத்தகையது; அதன் காற்றில் பெரும்பகுதி நைட்ரஜன், எஞ்சியதில் முக்கியமானது மீத்தேன்.

மிதக்கும் மலைகளைப் பற்றி நீளப் பேச வேண்டியதில்லை. மின்சாரத்தைத் தடையின்றிக் கடத்தும் பொருள்கள் காந்தத்தின் மேல் மிதக்கும் என்பது உண்மையே. ஆனால் சோதனைச்சாலையில் அவற்றைப் பெரிதும் குளிர்வித்தே இதைக் காட்டுகின்றனர். மலையளவில் அது நிகழ்வது கதைக்கே உரியது.

காற்றுக்கு வருவோம். முகமூடி கழன்றால் மனிதன் 20 விநாடிகளில் நினைவிழப்பான், 4 நிமிஷங்களில் மடிவான் என்று படத்தில் எச்சரிக்கப்படுகிறது. படத்தையொட்டி வெளிவந்த நூல் காரணத்தையும் கூறுகிறது: அக்காற்றில் கரியமில வாயு 18 சதவீதத்துக்கு மேலும், ஹைட்ரஜன் சல்பைடு 1 சதவீதத்துக்கு மேலும் உண்டு. நாம் சுவாசிக்கும் வெளிக்காற்றில் கரியமில வாயுவின் அளவு சுமார் 0.04 சதவீதமே. அது 10 சதவீதத்தைக் கடந்தாலே சில நிமிஷங்களில் நினைவு தப்பும். ஆகவே அந்த 20 விநாடிக் கணக்கு ஏற்கத்தக்கதே. 4 நிமிஷக் கணக்கோ கதாசிரியரின் தயவு எனலாம். அழுகிய முட்டை நாற்றமுடைய ஹைட்ரஜன் சல்பைடு 0.01 சதவீதம் இருந்தாலே உடனடி உயிரபாயம் என்று தொழிற் பாதுகாப்பு விதிகள் கொள்கின்றன. பாண்டோராவில் இருப்பது அதற்கு 100 மடங்கு. சில மூச்சுகளே போதும்.

இவ்வாயுவின் வஞ்சகம் வேறொன்றில் உள்ளது. அளவு சொற்பமாயிருக்கையில் மூக்கு அதை அறிகிறது; அளவு அபாய எல்லையை எட்டியதும் மோப்ப உணர்ச்சியே மழுங்கிவிடுகிறது. நாற்றம் நின்றதெனக் கருதி இறங்குபவன் மாண்டுபோகிறான்.

படத்தில் ஆசிரியர்கள் சுட்டிக்காட்டத்தக்க காட்சி ஒன்று உண்டு. காட்டில் வழிதவறிய கதாநாயகன் இரவில் தீப்பந்தம் கொளுத்துகிறான். அது நன்றாக எரிகிறது. அக்காற்றில் பிராணவாயு உண்டு என்பதே இதன் பொருள். அதனாற்றான் அங்குள்ள மனிதர்களுக்குப் பிராணவாயு உருளை வேண்டுவதில்லை. நச்சை வடிகட்டும் முகமூடி போதுகிறது. தீ எரிகிறது, அதே காற்றில் முகமூடியற்ற மனிதன் வீழ்கிறான்.

நம் நாட்டில் பாழுங்கிணற்றில் இறங்குமுன் விளக்கைக் கயிற்றில் கட்டி இறக்கிப் பார்க்கும் வழக்கம் உண்டு. விளக்கு அணைந்தால் இறங்கலாகாது என்பது சரியே. அணையாவிட்டால் இறங்கலாம் என்று கொள்வதுதான் தவறு. 0.1 சதவீதம் ஹைட்ரஜன் சல்பைடு கலந்த காற்றில் விளக்கு தடையின்றி எரியும். மனிதனோ ஓரிரு மூச்சில் சாய்வான். மேலும், மீத்தேன் 5 முதல் 15 சதவீதம் வரை கலந்திருப்பின் அந்த விளக்கே வெடிவிபத்துக்குக் காரணமாகும்.

முகமூடி விஷயத்திலும் படத்தைப் பின்பற்றலாகாது. கிணற்றிலும் கழிவுநீர்த் தொட்டியிலும் நச்சு வாயு சேர்வதோடு பிராணவாயுவும் குறைந்திருக்கலாம். வடிகட்டும் முகமூடி நச்சை நீக்குமேயன்றி, இல்லாத பிராணவாயுவைத் தராது. அங்கே வெளியிலிருந்து காற்று தரும் சாதனமே வேண்டும். துணியை நனைத்து மூக்கில் கட்டிக்கொள்வதால் இரண்டும் கிட்டா.

கரியமில வாயு காற்றைவிட ஏறத்தாழ ஒன்றரை மடங்கு கனமானது. தாழ்ந்த இடத்தில் தேங்குவது அதன் இயல்பு. ஆப்பிரிக்காவில் காமெரூன் நாட்டிலுள்ள நியோஸ் ஏரியின் ஆழத்தில் கரைந்திருந்த இவ்வாயு 1986 ஆகஸ்டு 21 இரவில் திடீரெனப் பொங்கிப் பள்ளத்தாக்குகளில் பரவியபோது 1,700க்கு மேற்பட்டோர் இறந்தனர். கிணற்றின் அடியில் நிகழ்வது இதன் சிற்றுருவமே.

கிணற்றுள் ஒருவன் வீழ்ந்தால் காப்பாற்ற இறங்கும் இரண்டாமவனும் மூன்றாமவனும் மாள்வது நம் நாட்டில் மீண்டும் மீண்டும் நிகழ்கிறது. கழிவுநீர்த் தொட்டிகளையும் பாதாளச் சாக்கடைகளையும் பாதுகாப்பின்றி ஆட்களைக் கொண்டு சுத்தம் செய்விப்பதை 2013 ஆம் ஆண்டுச் சட்டம் தடை செய்கிறது. கிணற்று வேலைக்கு அவசியம் நேர்ந்தால், ஊழியர்கள் முதலில் ஊதுகருவியால் காற்றோட்டம் உண்டாக்குதல் வேண்டும். இறங்குபவரின் உடலில் கட்டிய கயிற்றின் மறுமுனையை மேலே இருப்பவர் ஒருவர் பற்றியிருக்க வேண்டும். அவர் எக்காரணத்தாலும் இறங்கலாகாது. வாயுவை அளக்கும் கருவியை வாயிலருகே, நடுவில், அடியில் என மூன்று மட்டங்களிலும் இறக்கிப் பார்த்தல் அவசியம். இலேசான மீத்தேன் மேலே நிற்கும், கனத்த கரியமில வாயு அடியில் படியும். வேலை நடக்கும்போதும் அளத்தலை நிறுத்தலாகாது, ஏனெனில் அடிச்சேற்றைக் கிளறும் கணத்தில்தான் அதில் அடைபட்டிருந்த ஹைட்ரஜன் சல்பைடு வெளிப்படுகிறது.