இரும்புக் கோட்டையும் ஈர மண்ணும்



'டாங்கி' என்னும் சொல்லை நாம் செய்தித்தாளில் படிக்கிறோம், வானொலியில் கேட்கிறோம். ஒரு நாட்டின் எல்லையை மற்றொரு நாட்டின் படை கடந்தது என்றால், அந்தச் செய்தியோடு டாங்கியின் படமும் வந்துவிடுகிறது. நீண்ட பீரங்கிக் குழாயும் பருத்த இரும்பு உடலும் காண்பவர் நெஞ்சை நடுங்கச் செய்கின்றன. இதை எதிர்த்து நிற்க யாரால் முடியும் என்று எண்ணத் தோன்றுகிறது. ஆயினும் வரலாற்றைப் புரட்டிப் பார்த்தால் வியப்பான செய்தி ஒன்று தெரிய வருகிறது. வயலில் தேக்கிய தண்ணீரும், முழங்கால் அளவுச் சேறும், தீர்ந்துபோன எரிபொருளும் இந்த இரும்பு மலையைப் பலமுறை தடுத்து நிறுத்தியுள்ளன. படையெடுப்பில் டாங்கி என்ன செய்கிறது, எங்கே தோற்கிறது என்பதை, வரலாற்று மன்ற மாணவியராகிய நாங்கள் படித்தறிந்த அளவில் இங்கே எடுத்துரைக்க விழைகிறோம்.

கோட்டையும் பீரங்கியும்

நம் வட்டாரத்திலிருந்தே தொடங்குவோம். கரிவலம்வந்தநல்லூருக்கு அருகில் உள்ள நெற்கட்டுஞ்செவலில் பூலித்தேவரின் கோட்டை இருந்தது. 1755-ஆம் ஆண்டு ஆங்கிலக் கும்பினியின் கர்னல் ஹெரானும், ஆற்காட்டு நவாபின் அண்ணன் மாபூஸ்கானும் படையோடு வந்து அதை வளைத்தனர். கோட்டைச் சுவரை உடைக்கும் பெரிய பீரங்கிகள் அவர்களிடம் இல்லை. கப்பம் கட்டப் பூலித்தேவர் மறுத்துவிட்டார். வந்த படை வெறுங்கையோடு திரும்பியது. பின்னர் 1761-இல் யூசுப்கான் கனத்த பீரங்கிகளோடு வந்தபோது நெற்கட்டுஞ்செவல், வாசுதேவநல்லூர், பனையூர் ஆகிய மூன்று கோட்டைகளும் வீழ்ந்தன.

இதிலிருந்து நாம் அறிவது யாது? கோட்டை காக்கும், ஆனால் நகராது. பீரங்கி உடைக்கும், ஆனால் தன்னைக் காத்துக்கொள்ளாது. கோட்டையின் காவலும் பீரங்கியின் வலிமையும் ஒன்றாகச் சேர்ந்து, தானே நகர்ந்து வந்தால் எப்படி இருக்கும்? அதுதான் டாங்கி.

உழவுக் கருவியின் உடன்பிறப்பு

1914-இல் முதல் உலகப் போர் மூண்டது. பிரான்சு நாட்டில் இரு தரப்புப் படைகளும் பதுங்குகுழிகளை வெட்டி, முன்னே முள்கம்பி வேலி இட்டு, இயந்திரத் துப்பாக்கிகளோடு எதிரெதிரே அமர்ந்தன. குழியை விட்டு எழுந்து ஓடியவர் சில நிமிடங்களில் சுடப்பட்டு மாண்டனர். முள்வேலியை மிதித்து, குழியைத் தாண்டி, குண்டு துளைக்காமல் செல்லும் வண்டி ஒன்று தேவைப்பட்டது.

அதற்கு வழி காட்டியது வயல்வெளி! அமெரிக்காவின் கலிபோர்னியாவில் பெஞ்சமின் ஹோல்ட் என்பவர், சேற்று நிலத்தில் புதையாமல் ஓடும் டிராக்டரை 1904-இல் சோதித்துப் பார்த்தார். சக்கரத்திற்குப் பதிலாக அதில் சங்கிலிப் பட்டை ஓடியது. அந்த டிராக்டரைக் கண்டே ஆங்கிலேய அதிகாரிகளுக்குப் புதிய எண்ணம் பிறந்தது. இங்கிலாந்தின் லிங்கன் நகரில், உழவு இயந்திரங்கள் செய்துவந்த பாஸ்டர் கம்பெனியில் 1915-இல் முதல் டாங்கி உருவாயிற்று. ஆம், உழவனுக்காகத் தோன்றிய பட்டையும், உழவுக் கருவி செய்த பட்டறையும் சேர்ந்தே இந்தப் போர்க்கருவியைப் பெற்றெடுத்தன.

பெயர் வந்த கதையும் சுவையானது. எதிரிக்குத் தெரியாமல் இருக்க, 'இவை தண்ணீர்த் தொட்டிகள்' என்று சொல்லி வைத்தார்கள். தொட்டியைக் குறிக்கும் 'டாங்க்' என்ற சொல்லே நிலைத்துவிட்டது. நம் ஊர்க் குளத்தையும் ஏரியையும் பழைய ஆங்கில ஆவணங்கள் இதே சொல்லால்தான் குறிக்கின்றன. பயிருக்கு நீர் தரும் குளத்திற்கும் உயிரைப் பறிக்கும் வண்டிக்கும் ஒரே பெயர்!

1916 செப்டம்பர் 15-ஆம் நாள் பிரான்சில் டாங்கிகள் முதன்முதலாகப் போர்க்களம் புகுந்தன. ஒதுக்கப்பட்டவை 49. அவற்றில் பல வழியிலேயே பழுதாகியும் சேற்றில் சிக்கியும் நின்றுவிட்டன. பிறந்த அன்றே மண் அதற்குப் பகையாயிற்று.

டாங்கி இயங்கும் விதம்

டாங்கிக்கு மூன்று பண்புகள் வேண்டும்: தாங்கும் கவசம், தாக்கும் பீரங்கி, ஓடும் வேகம். மூன்றும் ஒன்றோடொன்று மோதுபவை. கவசத்தைக் கூட்டினால் எடை கூடும். எடை கூடினால் வேகம் குறையும், எரிபொருள் அதிகம் செலவாகும், பாலம் தாங்காது.

நாற்பது டன் இரும்பு மண்ணில் புதையாமல் ஓடுவது எப்படி? சேற்றில் வெறுங்காலை வைத்தால் புதைகிறது. ஒரு பலகையைப் போட்டு அதன்மேல் நின்றால் புதைவதில்லை. பாரம் பரவிவிடுவதே காரணம். டாங்கி தனக்குத் தானே பலகை விரித்துக்கொண்டு ஓடுகிறது. அதன் இரண்டு சங்கிலிப் பட்டைகளும் எடையைப் பரப்புவதால், ஒரு சதுர சென்டிமீட்டர் மண்ணின்மேல் ஒரு கிலோவுக்கும் குறைவான பாரமே விழுகிறது. ஆனால் பலகைக்கும் எல்லை உண்டு. மழைக்காலத்தில் நம் கரிசல் காட்டில் வண்டி இறக்கியவர்களுக்கு இது நன்றாகவே தெரியும்.

உள்ளே மூவர் அல்லது நால்வர் இருப்பர்: தலைவர், ஓட்டுநர், பீரங்கி சுடுபவர், சில வகைகளில் குண்டு திணிப்பவர். சிறு துளைகளின் வழியாகவும் கண்ணாடிகளின் வழியாகவும்தான் வெளியுலகம் தெரியும். அருகில் பதுங்கியிருப்பவன் கண்ணில் படமாட்டான். ஆகவே டாங்கியோடு காலாட்படை நடக்க வேண்டும். அவர்களை ஏற்றிச் செல்லக் கவச வண்டிகள், கண்ணிவெடி அகற்றப் பொறியாளர்கள், பாலம் போடும் வண்டிகள், பின்னால் டீசல் லாரிகள் எல்லாம் வேண்டும். ஒரு கிலோமீட்டர் செல்ல இரண்டு லிட்டருக்கு மேல் டீசல் குடிக்கும் டாங்கி, தனியே போனால் தவித்துத்தான் நிற்கும்.

மின்னல் வேகப் படையெடுப்பு

இரண்டாம் உலகப் போரில் ஜெர்மனி டாங்கிகளைப் புதிய முறையில் ஏவியது. 1939-இல் போலந்தும் 1940-இல் பிரான்சும் அந்த அடியில் வீழ்ந்தன. பிரான்சிடம் டாங்கிகள் குறைவா? இல்லை, எண்ணிக்கையில் ஜெர்மனிக்குக் குறையாமல் இருந்தன. சிலவற்றின் கவசம் ஜெர்மன் டாங்கிகளினதைவிடத் தடித்தது. ஆனால் பிரான்சு அவற்றில் பலவற்றைக் காலாட்படைக்குத் துணையாகப் பிரித்துவைத்திருந்தது. ஜெர்மனியோ ஒன்றுதிரட்டி, வானொலிக் கருவியால் இணைத்து, விமானத் துணையோடு ஒரே இடத்தில் குத்தியது. மே 10-ஆம் நாள் தொடங்கிய தாக்குதல், பத்தே நாளில் கடற்கரையை எட்டியது. எல்லையில் ஓர் ஓட்டை போட்டு, உள்ளே ஆழப் பாய்ந்து, எதிர்ப்படையின் பின்புறத்தை அறுப்பது. படையெடுப்பில் டாங்கியின் பணி இதுவே.

மறு ஆண்டு, 1941 ஜூன் 22-இல், மூவாயிரத்துக்கும் மேற்பட்ட டாங்கிகளோடு ஜெர்மனி சோவியத் நாட்டில் நுழைந்தது. தொடக்கத்தில் வெற்றி மேல் வெற்றி. ஆனால் தூரம் நீண்டது. அக்டோபர் மழையில் மண்சாலைகள் களிமண் குழம்பாயின. டாங்கியும் லாரியும் அச்சளவு புதைந்தன. பின் பனி வந்தது. சோவியத் வீரர்களும் உயிரைக் கொடுத்துப் போரிட்டனர். மாஸ்கோவின் வாசல்வரை வந்த படை, நகருக்குள் நுழைய முடியாமல் டிசம்பரில் பின்வாங்கியது.

பாரத மண்ணில்

நம் நாட்டின் வரலாறும் இதையே கூறுகிறது. 1948 நவம்பர் 1-ஆம் நாள், ஏறத்தாழ 11,500 அடி உயரமுள்ள ஜோஜிலா கணவாயில் பனி பெய்துகொண்டிருந்தது. அங்கே டாங்கி வரும் என்று எதிரி கனவிலும் எண்ணவில்லை. ஜெனரல் திம்மய்யாவின் திட்டப்படி இலேசான ஸ்டூவர்ட் டாங்கிகள் மேல்கூண்டு கழற்றப்பட்டு இரகசியமாகக் கொண்டுவரப்பட்டன. கோவேறு கழுதை செல்லும் தடத்தை டாங்கி செல்லும் பாதையாக வெட்டிக் கொடுத்தவர்கள் யார் தெரியுமா? தமிழர் பலர் பணிபுரியும் 'மதராஸ் சாப்பர்ஸ்' பொறியாளர் படையினர்! கணவாய் மீட்கப்பட்டது, லடாக்கிற்கு வழி திறந்தது. மண்வெட்டி பிடித்த கைகள் இல்லையேல் டாங்கி அங்கே ஏறியே இராது.

1965 செப்டம்பரில் பாகிஸ்தானின் கவசப் படைப்பிரிவு பாட்டன் டாங்கிகளோடு பஞ்சாபின் கேம்கரண் வழியே நுழைந்தது. பியாஸ் ஆற்றுப் பாலத்தைப் பிடித்து அமிர்தசரசைத் துண்டிப்பது அதன் நோக்கம். அசல் உத்தர் என்னும் சிற்றூரருகே நம் படையினர் குதிரைலாட வடிவில் நிலைகொண்டனர். கால்வாய்க் கரைகளை உடைத்து வயல்களில் நீரைப் பாய்ச்சினர். கரும்புத் தோட்டங்களில் டாங்கிகளை மறைத்து வைத்தனர். நம்மிடம் இருந்தவற்றில் பல பழைய ஷெர்மன்களும் சிறிய வகை டாங்கிகளுமே. புதிய பாட்டன்கள் வந்தன, ஈர மண்ணில் திணறின, பக்கவாட்டில் அடிபட்டன. ஏறத்தாழ 97 டாங்கிகளை எதிரி அங்கே இழந்ததாக நம் படை கணக்கிட்டது. தையற்காரரின் மகனான அப்துல் ஹமீது என்ற வீரர், ஜீப்பில் பொருத்திய பீரங்கியால் டாங்கிகளை ஒன்றன்பின் ஒன்றாக உடைத்து, செப்டம்பர் 10-ஆம் நாள் உயிர் நீத்தார். அவருக்குப் பரம வீர சக்கரம் வழங்கப்பட்டது. 'அசல் உத்தர்' என்றால் 'சரியான பதில்' என்று பொருளாம். பெயர் பொருத்தமாய் அமைந்தது!

1971 டிசம்பர் 4-ஆம் நாள் இரவு, ராஜஸ்தான் பாலைவனத்தின் லோங்கேவாலா காவல் நிலையை நாற்பதுக்கும் மேற்பட்ட டாங்கிகள் நெருங்கின. மேஜர் குல்தீப் சிங் சாந்த்பூரியோடு இருந்தவர்கள் சுமார் 120 பேரே. இரவு முழுவதும் தாக்குப்பிடித்தனர். பல டாங்கிகள் மணலில் சிக்கின. விடிந்ததும் ஜெய்சால்மரிலிருந்து ஹண்டர் விமானங்கள் பறந்து வந்தன. விமானத் துணை இன்றி வெட்டவெளியில் நின்ற டாங்கிகள் எரிந்தன.

ஆவடியில் பிறந்தவை

டாங்கிகளைச் செய்வதில் நம் தமிழகத்திற்குத் தனி இடம் உண்டு. சென்னையை அடுத்த ஆவடியில் 1961-இல் கனரக வாகனத் தொழிற்சாலை நிறுவப்பட்டது. ஆங்கிலேய நிறுவனத்தின் வடிவமைப்பைக் கொண்டு 'விஜயந்தா' டாங்கி 1965 இறுதியில் அங்கே உருவாயிற்று. ஆவடியிலேயே உள்ள போர் ஊர்தி ஆராய்ச்சி நிறுவனம் 'அர்ஜுன்' டாங்கியை வடிவமைத்தது. 1974-இல் ஒப்புதல் பெற்ற இத்திட்டத்தின் டாங்கிகள் 2004-இல் படையிடம் அளிக்கப்பட்டன. மேம்படுத்தப்பட்ட அர்ஜுன் 2021 பிப்ரவரி 14-ஆம் நாள் சென்னையில் ஒப்படைக்கப்பட்டது. அதன் எடை ஏறத்தாழ 68 டன். அவ்வளவு பாரத்தைத் தாங்கும் பாலம் எங்கெங்கே உண்டு என்று பார்த்தே அதை அனுப்ப வேண்டும். அறிவியல் எவ்வளவு வளர்ந்தாலும், மண்ணையும் ஆற்றையும் கேட்டுத்தான் டாங்கி நடக்கிறது.

வயல் யாருடையது?

2022 பிப்ரவரி 24-ஆம் நாள் ரஷ்யப் படை உக்ரைனில் நுழைந்தது. தலைநகர் கீவ் நோக்கிச் சென்ற வண்டி வரிசை அறுபது கிலோமீட்டர் நீளம் இருந்தது. எரிபொருளும் உணவும் போதாமல் அது சாலையிலேயே நின்றது. தோளில் வைத்து ஏவும் சிறு ஏவுகணைகள் டாங்கிகளைத் துளைத்தன. இர்பின் ஆற்றின் அணையைத் திறந்து உக்ரைனியர் நிலங்களை மூழ்கடித்தனர். கைவிடப்பட்ட டாங்கிகளை உழவர்கள் தம் டிராக்டர்களால் இழுத்துச் சென்ற காட்சியை உலகமே பார்த்தது. டிராக்டரிலிருந்து பிறந்தது டாங்கி. அதை டிராக்டரே இழுத்துச் சென்றது!

இதைக் கேட்டு நாம் சிரித்துவிட்டுப் போகலாமா? அணையைத் திறந்தபோது தெமிதிவ் என்ற ஊரில் வீடுகளுக்குள்ளும் தோட்டங்களுக்குள்ளும் வெள்ளம் புகுந்தது. தலைநகரைக் காக்க அவ்வூரார் தம் வீட்டைக் கொடுத்தனர். அசல் உத்தரில் நீர் பாய்ந்த கரும்பு வயலும் ஓர் உழவரின் ஓராண்டு உழைப்பே. டாங்கியை நிறுத்திய மண் எங்கேயும் தரிசு மண் அன்று. யாரோ ஒருவர் உழுது, விதைத்து, பிள்ளைகளுக்குக் கஞ்சி வார்த்த மண். பகைவன் வென்றாலும் தோற்றாலும் அந்தக் குடும்பத்திற்கு அடுப்பு எரிவதில்லை.

டாங்கியின் உள்ளே இருப்பவரும் தாய் பெற்ற பிள்ளைதான். 1971 டிசம்பர் 16-ஆம் நாள் பசந்தர் ஆற்றங்கரையில், தீப்பற்றிய டாங்கியை விட்டு இறங்க மறுத்துப் போரிட்டு மாண்ட இரண்டாம் லெப்டினென்ட் அருண் கேத்தர்பாலுக்கு வயது 21. அசல் உத்தரில் எரிந்த பாட்டன்களுக்குள் இருந்தவர்களுக்கும் அவரைப் போன்ற இளவயதே இருந்திருக்கும். நம் நாட்டைக் காத்தவர்களுக்கு நன்றி செலுத்தும்போது, எதிர்ப்புறத்தில் அழுத அன்னையரையும் நினைப்பது கிறிஸ்தவ அன்பின் கடமையாகும்.

1965 போர் நின்ற சில நாள்களில், அக்டோபர் 4-ஆம் நாள், திருத்தந்தை ஆறாம் சின்னப்பர் ஐக்கிய நாடுகள் சபையில் நின்று, போர் இனி வேண்டாம் என்று உலகத் தலைவர்களை வேண்டிக்கொண்டார். வாளைக் கலப்பைக் கொழுவாக அடிக்கும் காலம் வரும் என்று எசாயா இறைவாக்கினர் முன்னறிவித்ததையும் நாம் மறைக்கல்வி வகுப்பில் படித்திருக்கிறோம். கலப்பையிலிருந்து போர்க்கருவி செய்ய மனிதன் கற்றுக்கொண்டான். திரும்பிச் செல்லும் வழியையும் அவனால் கற்க முடியும்.

தோழியரே, நம்மில் பலருடைய தந்தையரும் அண்ணன்மாரும் எல்லையில் நிற்கின்றனர். அவர்கள் நலமாய் வீடு திரும்பவும், எந்த நாட்டு உழவரின் வயலிலும் டாங்கித் தடம் பதியாதிருக்கவும் அமைதியின் அரசியாம் அன்னை மரியா வழியாக நாள்தோறும் மன்றாடுவோம். குளங்கள் நிறையட்டும், வயல்கள் விளையட்டும், வையம் அமைதி பெறட்டும்!